சந்தை கலைந்த பின் வந்த சரக்கு

ஒரு படைப்பின் தகுதி ஒன்று. அதன் காலம் அதற்கு அளிக்கும் வரவேற்பு மற்றொன்று. இவ்விரண்டும் பொருந்தி வருவது அருமை. எழுதியவர் கண்மூடிய பின் ஏற்றம் பெற்ற நூல்களையும், அச்சேறிய அன்றே ஆரவாரத்தோடு வாங்கப்பட்டு அடுத்த தலைமுறைக்குப் பெயரும் தெரியாமற்போன நூல்களையும் இலக்கிய வரலாறு நெடுகக் காண்கிறோம். நூல்களுக்கு நேர்ந்த இந்நிலை, கலைகளின் வரிசையில் வைத்து எண்ணப்படாத வேறொரு கைத்திறனுக்கும் நேர்ந்ததுண்டு. தொலைக்காட்சிப் பெட்டியோடு இணைத்து ஆடும் வீடியோ விளையாட்டே அது.

1984-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அமெரிக்காவில் 'பிட்ஃபால் டூ: லாஸ்ட் கேவர்ன்ஸ்' என்றொரு விளையாட்டு வெளிவந்தது. 'பிட்ஃபால்' என்றால் படுகுழி; 'லாஸ்ட் கேவர்ன்ஸ்' என்றால் மறைந்துபோன குகைகள். டேவிட் கிரேன் என்பவர் அதனை ஆக்கினார். ஆக்டிவிஷன் என்னும் நிறுவனம் வெளியிட்டது. அதற்கு இரண்டாண்டுகட்கு முன் அவரே ஆக்கிய 'பிட்ஃபால்' நாற்பது இலட்சம் பிரதிகளுக்கு மேல் விற்று, அத்துறையின் வரலாற்றில் நிலையான இடத்தைப் பெற்றுவிட்டது. இரண்டாவதோ, முதலாவதைப் பற்றி எழுதுவோர் போகிற போக்கில் குறித்துச் செல்லும் பெயராகவே பெரும்பாலும் நின்றுவிட்டது. ஆனால் இரண்டையும் அருகருகே வைத்து ஆராய்பவருக்கு, இரண்டாவதே மேலான படைப்பு என்பது விளங்கும்.

மேலானது ஏன் பின்தங்கியது? குழந்தைகளின் விளையாட்டுப் பொருளுக்கு இத்தனை ஆராய்ச்சி தேவையா என்று வாசகர் வினவக்கூடும். உழைப்பவனின் பெயர் உழைப்பின்மேல் இருக்க வேண்டுமா என்னும் வழக்கும், வணிகப் பேராசை ஒரு தொழிலையே விழுங்கிய கதையும், இல்லாமையிலிருந்து நுட்பம் பிறந்த வரலாறும் இவ்வொரு கேள்விக்குள் அடங்கியிருக்கின்றன. ஆதலின் தேவை என்றே சொல்வோம்.

பெட்டியும் அதன் வறுமையும்

1977-ஆம் ஆண்டு செப்டம்பரில் அட்டாரி நிறுவனம் வீட்டுத் தொலைக்காட்சியோடு இணைக்கும் விளையாட்டுப் பெட்டியொன்றை விற்பனைக்குக் கொணர்ந்தது. பிற்காலத்தில் 'அட்டாரி 2600' என்று பெயர் பெற்ற பெட்டி அதுவே. கையளவுப் பிளாஸ்டிக் உறையில் அடங்கிய கார்ட்ரிட்ஜ் ஒன்றைச் செருகினால் ஒரு விளையாட்டு. அதை எடுத்துவிட்டு மற்றொன்றைச் செருகினால் மற்றொரு விளையாட்டு. இவ்வகைப் பெட்டிகளில் இதுவே முதலாவது அன்று. எனினும் உலகெங்கும் இவ்வழக்கத்தைப் பரப்பிய பெருமை இதற்கே உரியது.

இப்பெட்டி வறுமையிற் பிறந்தது. விலை குறைவாக இருக்க வேண்டும் என்பதற்காக, அதன் தற்காலிக நினைவகத்தை வெறும் 128 பைட் அளவோடு நிறுத்தினர். ஒரு பைட்டுக்கு ஓர் ஆங்கில எழுத்து என்று கணக்கிட்டால், ஓர் அஞ்சலட்டையின் பாதியும் நிரம்பாது. திரையில் தோன்றும் படத்தை முழுதாகத் தீட்டிச் சேமித்து வைக்க அதில் இடமே இல்லை. ஆதலின், தொலைக்காட்சியின் ஒளிக்கற்றை திரையின் குறுக்கே ஒரு கோடு வரையும் அந்நொடிக்குள், அக்கோட்டில் என்னென்ன தோன்ற வேண்டும் என்பதை நிரல் சொல்லிவிட வேண்டும். அடுத்த கோட்டுக்கு மீண்டும் சொல்ல வேண்டும். பாய் முடைபவர் ஒவ்வொரு கோரையாகச் செலுத்தி, எந்தக் கோரை எந்த நிறம் என்று தவறாமல் தேர்ந்து சித்திரம் எழுப்புவது போன்ற வேலை இது. ஒரு வேறுபாடு உண்டு. பாய் ஒருமுறை முடைந்தால் ஆண்டுகள் நிற்கும். இந்தச் சித்திரத்தையோ நொடிக்கு அறுபது முறை புதிதாக முடைய வேண்டும்.

இப்பெட்டியை அமைத்தவர்கள் மனத்திற் கொண்டிருந்த விளையாட்டுகள் இரண்டே வகை: பந்தடிப்பது, பீரங்கி வண்டிகள் ஒன்றையொன்று சுடுவது. இரண்டு ஆட்டக்காரர், இரண்டு குண்டுகள், ஒரு பந்து ஆகியவற்றைக் காட்டுவதற்கு வேண்டிய உறுப்புகள் மட்டுமே உள்ளே இருந்தன. காடும் குகையும் நீர்வீழ்ச்சியும் அதில் தோன்றக்கூடும் என்று அந்நாளில் எவரும் எண்ணியிருக்க முடியாது.

பெயர் கேட்ட நால்வர்

அட்டாரியில் ஒரு விளையாட்டை ஆக்குபவர் பெரும்பாலும் தனியொருவரே. கதையும், படமும், ஒலியும், நிரலும் அவருடையவை. ஆனால் பெட்டியின் மேலோ குறிப்பேட்டிலோ அவர் பெயர் இராது. நிறுவனத்தின் பெயர் மட்டுமே நிற்கும். வாரன் ராபினெட் என்பவர் 'அட்வென்ச்சர்' என்னும் விளையாட்டுக்குள் எவரும் எளிதில் நுழைய முடியாத இரகசிய அறையொன்றை அமைத்து, அதில் தம் பெயரைப் பொறித்து வைத்தார். மேலாளர்க்கு அது தெரியாது. ஆடிப் பார்த்த சிறுவன் ஒருவன் கண்டுபிடித்த பிறகே தெரியவந்தது. கோயிலும் பள்ளியும் எழுப்பிய கொத்தர்கள் கல்லின் மறைவில் தம் அடையாளம் ஒன்றைச் செதுக்கி வைத்த பழைய செய்கையோடு இதனை ஒப்பிடலாம்.

டேவிட் கிரேன், ஆலன் மில்லர், லேரி காப்லன், பாப் ஒயிட்ஹெட் ஆகிய நால்வரும் மறைவில் பெயரெழுத விரும்பவில்லை. நேரிற் சென்று கேட்டனர். எந்த விளையாட்டு எவ்வளவு விற்றது என்று காட்டும் விற்பனைத் தாள் ஒன்று அவர்கள் கைக்கு வந்திருந்தது. அதைக் கணக்கிட்டுப் பார்த்தபோது, நிறுவனத்தின் கார்ட்ரிட்ஜ் விற்பனையில் ஏறத்தாழ அறுபது விழுக்காடு தங்கள் நால்வரின் படைப்புகளால் வந்தது என்பது தெரிந்தது என்று கிரேன் பின்னாளில் கூறியுள்ளார். நால்வரின் ஆண்டுச் சம்பளமோ தலைக்கு முப்பதாயிரம் டாலரையும் எட்டவில்லை. அந்நாளில் அட்டாரியின் தலைவர் ரே கஸார். அவரிடம் அங்கீகாரம் கேட்டபோது, பொருளைப் பூட்டிச் சேர்க்கும் தொழிலாளியைவிட நீங்கள் முக்கியமானவர்கள் அல்லர் என்னும் கருத்துப்படவே விடை கிடைத்தது என்பது கிரேனின் நினைவுக் குறிப்பு.

நால்வரும் வெளியேறினர். இசைத்தட்டு வணிகத்தில் அனுபவம் பெற்றிருந்த ஜிம் லெவியோடு சேர்ந்து 1979-இல் ஆக்டிவிஷனைத் தோற்றுவித்தனர். இசைத்தட்டின் உறையில் பாடகரின் பெயர் இருப்பது போல, இவர்கள் வெளியிட்ட விளையாட்டுகளில் ஆக்கியவரின் பெயர் இருந்தது. குறிப்பேட்டில் அவர் படமும், ஆடுவோருக்கு அவர் கூறும் யோசனைகளும் அச்சாயின.

இதனால் ஒரு புது வழக்கமும் பிறந்தது. அதுவரை பெட்டியைச் செய்த நிறுவனமே அதற்குரிய விளையாட்டுகளையும் செய்துவந்தது. பிறர் செய்த பெட்டிக்கு விளையாட்டு மட்டும் செய்து விற்கும் நிறுவனம் ஆக்டிவிஷனே முதலாவது. அட்டாரி 1980-இல் வழக்குத் தொடுத்தது. 1982-இல், ஆக்டிவிஷன் ஒரு பங்குத் தொகை செலுத்துவது என்ற உடன்பாட்டோடு வழக்கு முடிந்தது. பிறரும் நுழையலாம் என்ற கதவு அதனோடு திறந்தது. இச்செய்தியை வாசகர் நினைவில் இருத்திக்கொள்ள வேண்டுகிறோம். பின்னே இதற்கு வேலை இருக்கிறது.

காட்டில் ஓடிய மனிதன்

மனிதன் ஒருவன் இயல்பாக ஓடுவதைத் திரையில் காட்ட வேண்டும் என்பது கிரேனின் ஆவல். அந்த ஓட்டத்தை 1979 அளவிலேயே வரைந்து பார்த்தார். ஏற்ற கதை கிடைக்காமல் ஒதுக்கி வைத்தார். 1982-இல் ஒருநாள் வெற்றுத் தாளின் நடுவே ஒரு மனித உருவத்தைக் கீறினார். அவன் ஓடுகிறான், ஆகவே பாதை வேண்டும். பாதை எங்கே? காட்டில். ஏன் ஓடுகிறான்? புதையலுக்காக. பத்து நிமிடங்களில் திட்டம் உருவாயிற்று என்றும், அதை நிரலாக்க ஏறத்தாழ ஆயிரம் மணிநேரம் ஆயிற்று என்றும் அவரே சொல்லியிருக்கிறார்.

'பிட்ஃபால்' அவ்வாறு பிறந்தது. ஹாரி என்னும் வீரன் காட்டு வழியே ஓடுகிறான். உருண்டுவரும் மரக்கட்டைகளைத் தாண்டுகிறான். கொடியைப் பற்றி ஆடிப் பொய்கையைக் கடக்கிறான். முதலைகளின் தலைமேல் கால்வைத்துத் தாவுகிறான். இருபது நிமிடங்களுக்குள் 32 புதையல்களை எடுக்க வேண்டும். மொத்தம் 255 காட்சிகள். இத்தனையும் நான்கு கிலோபைட்டுக்குள் அடங்கின. 255 காட்சிகளையும் தனித்தனியே எழுதி வைக்க இடமில்லை. ஓர் எண்ணிலிருந்து அடுத்த எண்ணைப் பிறப்பிக்கும் கணித முறையொன்றைக் கண்டு, அவ்வெண்ணே மரமாகவும் குழியாகவும் புதையலாகவும் விரியுமாறு கிரேன் செய்தார். அம்முறைக்கு வேண்டிய இடம் ஐம்பது பைட்டுக்கும் குறைவு.

ஓடுதல், தாவுதல், ஏறுதல் ஆகியவற்றையே உயிராகக் கொண்ட விளையாட்டுகளை 'பிளாட்ஃபார்மர்' என்று இன்று வழங்குகின்றனர். மேடைக்கு மேடை தாவிச் செல்வது என்பது அப்பெயரின் குறிப்பு. காசு போட்டு ஆடும் கூடங்களில் 1981-இல் வந்த ஜப்பானின் 'டாங்கி காங்' இவ்வகைக்குப் புகழ் தேடித் தந்தது. வீட்டுப் பெட்டிக்கென்றே பிறந்து இவ்வகையை வளர்த்தவற்றுள் பிட்ஃபாலுக்குத் தலைமையான இடமுண்டு. இருபதாயிரம் புள்ளிகள் எடுத்தவர்கள் தங்கள் தொலைக்காட்சித் திரையைப் புகைப்படம் எடுத்து நிறுவனத்துக்கு அனுப்பினால், சட்டையில் தைத்துக்கொள்ளத் துணிச் சின்னம் ஒன்று அஞ்சலில் வந்து சேரும். 1983-இல் சி.பி.எஸ். தொலைக்காட்சியின் சனிக்கிழமைக் கேலிச்சித்திர நிகழ்ச்சியிலும் ஹாரி இடம்பெற்றான். அவனுக்கு ரோண்டா என்ற மருமகளையும், குவிக்க்ளா என்ற கோழைத்தனம் மிக்க மலைச்சிங்கத்தையும் அந்நிகழ்ச்சியே கொடுத்தது.

திறந்த கதவு

ஆக்டிவிஷன் ஈட்டிய இலாபத்தைப் பார்த்துப் பலருக்கும் நாவூறியது. விளையாட்டு ஆக்குவது ஒரு கலை என்பது அவர்கள் கண்ணிற் படவில்லை. கார்ட்ரிட்ஜ் செய்வதில் காசு இருக்கிறது என்பது மட்டுமே பட்டது. காலைக் கஞ்சிக்கு ஓட்ஸ் விற்றுவந்த குவேக்கர் ஓட்ஸ் நிறுவனம் துணை நிறுவனமொன்றின் வழியே இத்துறையில் இறங்கியது. நாய்த்தீனி விற்ற ப்யூரினாவின் விளம்பரத்துக்காக ஒரு விளையாட்டு. ஜான்சன் அண்டு ஜான்சன் பெயரில் பல்லைக் காக்கும் விளையாட்டு ஒன்று. கடைகளின் அடுக்குகள் நிறைந்து வழிந்தன. நல்லது எது, அல்லது எது என்று வாங்குவோர்க்குத் தெரியவில்லை. இரண்டொரு முறை ஏமாந்தவர்கள் மூன்றாம் முறை கடைப்பக்கம் செல்லவில்லை.

புதிதாக வந்தவர்கள் மட்டுமே குற்றவாளிகள் என்று தீர்ப்பளித்துவிடவும் இயலாது. அட்டாரியே 'ஈ.டி.' திரைப்படத்தின் பெயரைப் பெருந்தொகைக்கு வாங்கி, 1982-ஆம் ஆண்டின் கிறிஸ்துமஸ் விற்பனைக்கு வந்துவிட வேண்டும் என்று சுமார் ஐந்தே வாரங்களில் ஒரு விளையாட்டைச் செய்வித்தது. விற்காமலும் திரும்பியும் வந்த கார்ட்ரிட்ஜ்கள் மலையாகக் குவிந்தன. 1983 செப்டம்பரில் நியூ மெக்சிகோ மாநிலத்தின் அலமகோர்டோ என்னும் ஊரின் குப்பைமேட்டில் லாரி லாரியாகக் கொண்டுபோய்ப் புதைத்தனர். வெறுங்கதை என்று பலர் எண்ணியிருந்த அச்செய்தி, 2014 ஏப்ரலில் அவ்விடத்தைத் தோண்டியபோது மெய்யாயிற்று.

வீழ்ச்சியின் முதல் ஓசை 1982 டிசம்பர் 7-ஆம் நாள் கேட்டது. அட்டாரியின் உரிமையாளரான வார்னர் நிறுவனம், எதிர்பார்த்த இலாபம் வராது என்று அன்று அறிவித்தது. அதன் பங்குகள் சரிந்தன. 1983-இல் அட்டாரியின் இழப்பு ஐம்பது கோடி டாலரைத் தாண்டியது. 1984 ஜூலையில் அதன் வீட்டுப் பெட்டித் தொழில் வேறொருவர் கைக்கு மாறியது. 1983-இல் சுமார் 320 கோடி டாலராக இருந்த அமெரிக்க வீட்டு விளையாட்டு வணிகம் 1985-இல் பத்துக் கோடி அளவுக்குச் சுருங்கியது என்று மதிப்பிடுவர். முப்பது டாலருக்கு மேல் விற்ற கார்ட்ரிட்ஜ்கள் கடைவாசலில் தொட்டிகளில் கொட்டப்பட்டு, ஐந்து டாலருக்கும் அதற்குக் கீழும் விலைபோயின.

உழைப்பவனின் பெயருக்காக நால்வர் திறந்த கதவு அது. அதன் வழியே பெயருக்கும் உழைப்புக்கும் மதிப்பளிக்காத கூட்டமும் உள்ளே புகுந்தது. அக்கூட்டம் கிளப்பிய புழுதியில்தான் அந்நால்வருள் ஒருவரின் ஆகச்சிறந்த படைப்பு வந்து விழுந்தது.

குகைக்குள்

சந்தை சரிந்துகொண்டிருந்த அவ்வேளையில் கிரேன் செய்துகொண்டிருந்த வேலை வியப்புக்குரியது. ஏழாண்டு மூப்படைந்துவிட்ட அந்தப் பழைய பெட்டிக்குப் புதிய ஆற்றல் ஊட்ட முனைந்தார் அவர். வீடு வீடாக இருக்கும் பெட்டியைத் திறந்து மாற்ற முடியாது. ஆனால் செருகும் கார்ட்ரிட்ஜ் நம் கையில் இருக்கிறது அன்றோ! அதனுள் நிரலை மட்டும் வைக்காமல், பெட்டிக்குத் துணைபுரியும் தனிச் சில்லு ஒன்றையும் வைத்துவிட்டால்?

'டிஸ்ப்ளே பிராசஸர் சிப்' என்னும் சில்லு இவ்வாறு பிறந்தது. சுருக்கமாக டி.பி.சி. என்பர். அடுத்த கோட்டுக்கு வேண்டிய படத்துணுக்கைப் பெட்டி தேடி அலைய வேண்டாம். கேட்டவுடன் எடுத்து நீட்ட இச்சில்லு உள்ளே காத்திருக்கும். முடைபவர் கை நீட்டும்போதெல்லாம் உரிய நிறக் கோரையை எடுத்துக் கொடுக்கும் உதவியாளைப் போன்றது இது. நிரலுக்கு எட்டும் படங்களுக்கு இரண்டுமாகப் பத்துக் கிலோபைட் இடம் கிடைத்தது. முதல் பிட்ஃபாலுக்கு வாய்த்தது நான்கே.

இசைக்கும் இச்சில்லு வழிசெய்தது. அட்டாரியில் ஒலி எழுப்ப இரண்டே வாய்கள். அவற்றில் பல சுரங்கள் சுருதியோடு நில்லா. டி.பி.சி.யின் துணையால் பிட்ஃபால் டூவில் பல குரல்கள் இணைந்த இசை ஆட்டம் முழுவதும் இடையறாது ஒலிக்கிறது. அதுவும் வெறும் பின்னணியாக நிற்கவில்லை. தங்கக்கட்டியை எடுத்தால் இசை வீறுகொள்கிறது. நெடுநேரம் ஒன்றும் கிடைக்காவிட்டால் தளர்கிறது. அடிபட்டால் சோகம் கொள்கிறது. பலூனின் கயிற்றைப் பற்றிக்கொண்டு ஹாரி மேலெழும்போது, மெக்சிகோவின் ஹுவெந்தினோ ரோசாஸ் பத்தொன்பதாம் நூற்றாண்டில் அமைத்த புகழ்பெற்ற வால்ஸ் இசை ஒலிக்கிறது. பந்தடிப்பதற்காகச் செய்த பெட்டியிலிருந்து இவ்விசை வருவதைக் கேட்பவர், அப்பெட்டியின் உள்ளமைப்பை அறிந்தவராக இருந்தால், சற்று நேரம் ஆட்டத்தையே மறந்துவிடுவார்.

கதை நிகழும் இடம் பெரு நாட்டுக் குகைகள். ராஜ் வைரத்தை எடுக்க வேண்டும். ரோண்டாவையும் குவிக்க்ளாவையும் மீட்க வேண்டும். வழியிலுள்ள தங்கக்கட்டிகளையும் திரட்ட வேண்டும். குகை குறுக்கே எட்டுத் திரை அகலம். கீழ்நோக்கி இருபத்தைந்துக்கு மேற்பட்ட தளங்கள். ஹாரி இறங்க இறங்கத் திரையும் கூடவே வழுக்கி இறங்குகிறது. நிலத்தடி ஆற்றில் அவன் நீந்தவும் செய்கிறான். கைவசம் ஆயுதம் ஒன்றும் இல்லை. வௌவால், காண்டர் கழுகு, தேள், நச்சுத் தவளை, மின்விலாங்கு ஆகியவற்றைக் கொல்ல அவனால் முடியாது. அவற்றின் போக்கைக் கவனித்து, காலமறிந்து கடப்பது ஒன்றே வழி.

ஆட்டம் தொடங்கும் அந்த முதற்காட்சியிலேயே ஒரு நுட்பம் இருக்கிறது. ஹாரி நிற்கும் தளத்துக்கு நேர் கீழே, கண்ணுக்குத் தெரியும் இடத்தில், குவிக்க்ளா நின்றுகொண்டிருக்கிறது. எட்டிப் பிடித்துவிடலாம் போலத் தோன்றும், ஆனால் வழியில்லை. குகையின் ஆழமெல்லாம் சென்று, அகலமெல்லாம் சுற்றி, பலூனில் ஏறி வந்த பின்பே அவ்விடத்தை அடைய முடியும். முடிவை முதலிலேயே காட்டிவிட்டுப் பயணத்தைத் தொடங்கும் இவ்வமைப்பு, ஒரு நல்ல கதாசிரியருக்குரிய அமைப்பு எனலாம்.

உயிர்க் கணக்கு

பிட்ஃபால் டூவின் தலையாய சிறப்பாக நாம் கருதுவது இதுதான்: அதில் ஹாரி சாவதில்லை.

அந்நாளைய விளையாட்டுகளில் ஆடுபவருக்கு மூன்று உயிர் என்பது எழுதாச் சட்டம். முதல் பிட்ஃபாலிலும் அப்படியே. மூன்றும் போனால் ஆட்டம் முடிந்தது. மீண்டும் முதலிலிருந்து தொடங்க வேண்டும். இச்சட்டம் எங்கிருந்து வந்தது? காசு போட்டு ஆடும் கூடங்களிலிருந்து வந்தது. அங்கே ஒருவன் சில நிமிடங்களுக்குள் தோற்றாக வேண்டும். தோற்றால்தான் அடுத்த காசு விழும். வீட்டில் அந்தத் தேவை இல்லை. பெட்டியை வாங்கியவன் காசை முன்பே கொடுத்துவிட்டான். ஆயினும், கூடத்தின் வழக்கத்தை வீட்டு விளையாட்டுகளும் கேள்வி கேளாமல் பின்பற்றி வந்தன.

கிரேன் கேட்டார். குகையின் பல இடங்களில் சிலுவைக்குறிகள் இருக்கின்றன. ஹாரி அவற்றைத் தொட்டுக்கொண்டே செல்கிறான். தேளோ வௌவாலோ தீண்டிவிட்டால் அவன் மடிவதில்லை. கடைசியாகத் தொட்ட குறியிடத்துக்கு மெல்ல மிதந்தபடி திரும்புகிறான். திரும்பும் வழியெல்லாம் அவனுடைய புள்ளிகள் குறைந்துகொண்டே வருகின்றன. கால எல்லையும் இல்லை. எத்தனை முறை தவறினாலும் எழுந்து நடக்கலாம். ஆனால் ஒவ்வொரு தவற்றுக்கும் விலை உண்டு.

தோல்வியே இல்லாத ஆட்டத்தில் சுவை எங்கே என்று கேட்போர் உண்டு. ஆடிப் பார்த்தால் விடை தெரியும். முழுமையான மதிப்பெண்ணாகிய 1,99,000 புள்ளிகளை எடுக்க விரும்புபவர் ஒருமுறைகூடத் தீண்டப்படலாகாது. அவருக்கு இது கடுஞ்சோதனை. சிறுவன் ஒருவனோ, கால்வலிக்க நடந்து கடைசிவரை சென்று பார்த்துவிடலாம். அவனுக்கு இது நெடும்பயணம். வல்லவரை அஞ்சச் செய்யவும் புதியவரை வெளியே தள்ளாதிருக்கவும் ஒரே முறையால் முடிந்தது. பிற்கால விளையாட்டுகளில் இடையிடையே தங்குமிடம் வைத்து, விழுந்தவனை அங்கிருந்து தொடரவிடும் வழக்கம் இன்று எங்கும் பரவியுள்ளது. அதனை இவ்வளவு தெளிவாக, உயிர்க்கணக்கையே நீக்கிவிட்டு 1984-இலேயே செய்து காட்டியது இவ்விளையாட்டு.

கிடைத்த வரவேற்பு

இனி வரவேற்புக்கு வருவோம். பிட்ஃபாலை விரும்பியவர்கள் இதனையும் வாங்கினர், வாங்கியவர்கள் குறைசொல்லவில்லை. வேறு பல பெட்டிகளுக்கும் வீட்டுக் கணினிகளுக்கும் அது மாற்றி எழுதப்பட்டது. அட்டாரியின் கணினிக்கு மாற்றி எழுதிய மைக் லோரன்சன் என்பவர், தம் வேலை முன்கூட்டியே முடிந்துவிட்டதால் எஞ்சிய நாட்களை வீணாக்காமல், முதற்குகையை வென்றவர்க்கு மட்டும் திறக்கும் இரண்டாம் குகையொன்றையும் சேர்த்துவிட்டார். விளம்பரத்துக்காகவன்றி, தொழிலின் மேலுள்ள பற்றினால் செய்த வேலை அது.

ஆனால் முதல் பிட்ஃபால் கண்ட ஆரவாரம் இதற்குக் கிட்டவில்லை. கடைக்காரர்கள் அட்டாரிச் சரக்கு என்றாலே அஞ்சிய காலம். தொட்டியிலே ஐந்து டாலருக்குக் கிடப்பதும், தனிச் சில்லு வைத்துச் செய்ததும் பார்வைக்கு ஒரே பிளாஸ்டிக் உறைதான். டி.பி.சி. சில்லைக் கொண்டு மேலும் பல விளையாட்டுகள் வரும், அதனால் பழைய பெட்டியின் ஆயுள் நீளும் என்பது கிரேனின் எண்ணம். அந்நாளில் அச்சில்லைப் பயன்படுத்தி விற்பனைக்கு வந்த விளையாட்டு இஃதொன்றே. ஆலன் மில்லரும் பாப் ஒயிட்ஹெட்டும் 1984-இல் ஆக்டிவிஷனை விட்டுச் சென்று வேறு நிறுவனம் கண்டனர். 1986-இல் கிரேனும் வெளியேறினார்.

கதையை எடுத்துக்கொண்டவர்கள் அதன் கருத்தை எடுத்துக்கொள்ளவில்லை. 1985-இல் ஜப்பானின் சேகா நிறுவனம் இதனைக் காசு போட்டு ஆடும் கூடங்களுக்கு ஏற்ப மாற்றியது; அங்கே பழைய உயிர்க்கணக்கு திரும்பி வந்தது. கூடத்தின் தேவை அது. 1986-இல் நிண்டெண்டோவின் பெட்டிக்கு 'சூப்பர் பிட்ஃபால்' வந்தது. அதில் ஹாரியின் கையில் துப்பாக்கியைக் கொடுத்துவிட்டனர். கொல்லாமல் கடப்பதையே கலையாகக் கொண்ட குகையில் துப்பாக்கி! அப்பெட்டியின் மோசமான விளையாட்டுகளைப் பட்டியலிடுவோர் இதனை மறப்பதில்லை. இதற்கிடையே, 1985 செப்டம்பரில் ஜப்பானில் வெளிவந்த 'சூப்பர் மாரியோ பிரதர்ஸ்' உலகையே ஈர்த்தது. தாவி ஓடும் விளையாட்டு என்றால் அதுவே தொடக்கம் என்று ஒரு தலைமுறை எண்ணிக்கொண்டது.

பின்னாளைய மரியாதையும் பெரும்பாலும் முதலாவதற்கே போய்ச் சேர்ந்தது. 2011-இல் சான் பிரான்சிஸ்கோவில் கூடிய விளையாட்டு ஆக்குநர் மாநாட்டில் கிரேனை அழைத்துப் பேசச் செய்தபோது, பொருள் 1982-ஆம் ஆண்டுப் பிட்ஃபால். 2012-இல் புதியதொரு காட்டு விளையாட்டை ஆக்க விரும்பி, ஒன்பது இலட்சம் டாலர் வேண்டும் என்று பொதுமக்களிடம் அவர் நிதி கோரினார். அதில் மிகச்சிறு பகுதியே சேர்ந்தது, முயற்சி கைகூடவில்லை. புகழைப் பேசுவோர் பலர். பொருள் தருவோர் சிலர் என்பது எல்லாக் கலைஞரும் அறிந்த பாடம்தான்.

வரவேற்பு எதைக் காட்டுகிறது?

ஒரு படைப்பு எவ்வளவு விற்றது என்பதை அதன் தகுதிக்குச் சான்றாகக் காட்டும் வழக்கம் எல்லாத் துறைகளிலும் உண்டு. பிட்ஃபால் டூவின் வரலாறு அவ்வழக்கத்தின் பிழையைத் தெளிவாகக் காட்டுகிறது. ஒரே மனிதர், ஒரே பெட்டி, ஒரே கதைத்தலைவன், இடைவெளி இரண்டே ஆண்டு. திறன் வளர்ந்தது, விற்பனை தேய்ந்தது. இடையில் மாறியது சந்தை. ஆகவே அந்த விற்பனைக் கணக்கை நாம் படிக்கும்போது படிப்பது சந்தையின் வரலாற்றையே. படைப்பின் வரலாற்றை அறிய வேண்டுமானால் படைப்பையே திறந்து பார்த்தாக வேண்டும்.

திறந்து பார்த்தவர்களும் இருந்தனர். அட்டாரி 2600-இன் உற்பத்தி 1990-களின் தொடக்கத்தில் நின்றுபோயிற்று. ஆயினும் அப்பெட்டியின் மேல் பற்றுக்கொண்ட ஆர்வலர்கள் பல நாடுகளில் இருந்தனர், இன்றும் இருக்கின்றனர். ஊதியம் எதிர்பாராமல், அதற்குப் புதிய விளையாட்டுகளை எழுதி வருகின்றனர். பிட்ஃபால் டூ வெளிவந்து கால் நூற்றாண்டு கழிந்த பின், அவர்களுள் சிலர் கிரேனின் சில்லை நுணுகி ஆராய்ந்து, அது செய்த வேலையை இக்காலச் சில்லுகளைக் கொண்டு செய்வித்து, மேலும் விரிவாக்கினர். தங்கள் அமைப்புக்கு 'டி.பி.சி. பிளஸ்' என்று பெயரிட்டனர். அதன்மேல் புதிய விளையாட்டுகள் பலவும் எழுந்தன.

ஒரு சில்லு, பல விளையாட்டுகள், நீளும் ஆயுள் என்று 1984-இல் கிரேன் எண்ணியது அவ்வாறே நடந்தது. சந்தை செய்யாத அதனைச் சந்தைக்கு வெளியே இருந்த அன்பர்கள் செய்தனர். புதிய அமைப்பின் பெயரிலும் பழைய சில்லின் பெயரை அவர்கள் விடாமல் வைத்திருக்கிறார்கள்.